ஞாயிற்றுக்கிழமைக் கிளாஸ்

ஏப்ரல் பத்தொன்பதாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, பிற்பகல் மூன்று மணி பத்து நிமிடத்துக்கு, இரண்டாவது மாடி வீடொன்றின் பின்பக்கத்துப் பால்கனியில், பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்தபடி, ஹோட்டல் பாரில் முப்பத்தொரு வருடம் மது கலந்து ஓய்வுபெற்ற ஒருவர் இறந்துபோனார். வயது அறுபத்தெட்டு.

மகள் வந்து சேர்ந்தபோது மணி நாலு. செருப்பைக் கழற்றும்போதே சமையலறையில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. அப்பாவை முன்னறைக் கட்டிலில் கிடத்தியிருந்தார்கள். தலைமாட்டில் தம்பி உட்கார்ந்திருந்தான். அவள் அப்பாவின் நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள். சூடு இருந்தது. உடம்பின் சூடா, வெயிலின் சூடா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. தண்ணீர்ச் சத்தம் நிற்கவில்லை.

சித்தி கண்ணாடி ஜாடியைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

மகளுக்கு நகராட்சியில் உணவுப் பரிசோதனை வேலை. பதினெட்டு வருடமாகக் கடை கடையாக ஏறி இறங்கி, சாம்பிள் எடுத்து, மூன்று பங்காகப் பிரித்து, அரக்கு வைத்து, சாட்சிக் கையெழுத்து வாங்குபவள். உள்ளே நுழைந்ததும் அடுப்பைப் பார்க்கக் கூடாது, அவசர அவசரமாக எதைக் கழுவுகிறார்கள் என்று பார்க்க வேண்டும் என்பது அந்த வேலை அவளுக்குச் சொல்லிக்கொடுத்தது.

"இப்ப எதுக்கு இதைக் கழுவறீங்க?"

சித்தி திரும்பவில்லை. "கலந்த பாத்திரத்தை அப்படியே போட்டா அவருக்குப் பிடிக்காது."

"இனிமே அவருக்குப் பிடிச்சா என்ன, பிடிக்காட்டி என்ன?"

மேடையில் தர்பூசணித் தோல் அடுக்கி வைத்திருந்தது. அன்னாசியின் கண்களை ஒரு தட்டில் ஒதுக்கியிருந்தாள். பிழிந்த ஆரஞ்சு மூடிகள், புதினாக் காம்பு, நசுக்கிய இஞ்சி. எல்லாம் ஒரே அளவில் வெட்டியிருந்தன. அப்பா வேலை பார்த்த ஹோட்டலில் பழம் வெட்டிக்கொண்டிருந்தவள் அவள். அம்மா இறந்து இரண்டாம் வருடம், "தனியா இருக்க முடியலை" என்று சொல்லி அப்பா கல்யாணம் செய்து கூட்டிக்கொண்டு வந்தார். அதற்கு முன்னால் எத்தனை வருடப் பழக்கம் என்று மகள் கேட்டதில்லை. கேட்காமலேயே நாலு வருடம் போயிருந்தது. அதனாலேயோ என்னவோ, 'சித்தி' என்று வாயால் ஒரு தடவைகூடக் கூப்பிட்டதில்லை.

"என்ன கலந்தீங்க?"

"பழம்."

"பழம் மட்டுந்தானா?"

சித்தி குழாயை மூடினாள். முன்னறைப் பக்கம் ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டு, குரலை இறக்கிக்கொண்டாள். "அவரைக் கொண்டுபோகட்டும். அப்புறம் எல்லாத்தையும் சொல்றேன். இப்ப கேக்காத."

கொண்டுபோன பிறகு சொல்லி என்ன பிரயோஜனம்? அதற்குள் எல்லாம் மண்ணுக்குள் போயிருக்கும்.

மகள் பால்கனிக்குப் போனாள். அப்பாவின் கிளாஸ் ஸ்டூல்மேலேயே இருந்தது. பாதிக்குமேல் குடித்திருந்தார். ஐஸ் கரைந்து மேலே தெளிந்து, கீழே ரோஸ் நிறத்தில் சக்கை படிந்திருந்தது. கிளாஸை எடுத்து மூக்கருகே கொண்டுபோனாள். ரம். சந்தேகத்துக்கே இடமில்லை. சின்ன வயதில் வேலை முடிந்து வரும் அப்பாவின் சட்டைக் கையில் வந்த அதே வாசனை.

இரண்டு வருடத்துக்கு முன்னால் நெஞ்சுவலி வந்தபோது டாக்டர் எல்லோர் முன்னிலையிலும் சொன்னதுதான்: "ஒரு சொட்டுக்கூடக் கூடாது. இந்த மாத்திரையோட அது சேர்ந்தா அப்புறம் என்னைக் கேக்காதீங்க." ஆனால் போன மாதம் அவள் வந்திருந்தபோது அப்பா கண்ணைச் சிமிட்டிக்கொண்டு சொன்னார்: "டாக்டர் கிடக்கட்டும். உங்க சித்தி வாரத்துக்கு ஒரு கிளாஸ் குடுக்கறா. கை மணம்னா அது கை மணம். பாரில நின்னிருந்தா என் வேலைக்கே வேட்டு வச்சிருப்பா." அன்றைக்கு அவள் சித்தியிடம் சண்டைக்குப் போனாள். சித்தி, "நான் பாத்துக்கறேன்" என்று மட்டும் சொன்னாள்.

பார்த்துக்கொண்ட லட்சணம் முன்னறையில் கிடந்தது.

எதிர் நாற்காலியில் மேல்மாடி டெய்லர் இன்னும் உட்கார்ந்திருந்தார். ஞாயிற்றுக்கிழமைதோறும் அப்பாவுக்குத் துணைக்கு வருகிறவர். அவருடைய கிளாஸ் காலியாக இருந்தது.

"நல்லாத்தான் பேசிட்டிருந்தார் பாப்பா. 'இன்னைக்கு வெயிலுக்கு ஏத்த மாதிரி வச்சிருக்கா, காது வரைக்கும் சூடு ஏறுது'ன்னார். பழைய பாட்டு ஒண்ணு ஆரம்பிச்சார். பாதியில நிறுத்தினார். ராகம் மறந்துபோச்சாக்கும்னு நினைச்சேன்." டெய்லர் மூக்கை உறிஞ்சினார். "கண்ணைப் பாத்தாத்தான்..."

"உங்களுக்கு ஏறுச்சா?"

"எனக்கா? எனக்கு எந்த வாரமும் ஏறினதில்ல. வீட்டுக்காரி ஊதச் சொல்லிப் பாத்துட்டு, 'குடிச்சிட்டு வந்தீங்களா, கஷாயம் குடிச்சிட்டு வந்தீங்களா'ன்னு கேப்பா. என் உடம்பு அப்படி. அண்ணன்தான் ரெண்டாவது வாய்க்கே சொக்கிப்போவார்."

சாப்பாட்டறை அலமாரியில் மருந்து டப்பாவுக்குப் பக்கத்தில் வெள்ளை ரம் பாட்டில் இருந்தது. ஒளித்துக்கூட வைக்கவில்லை. லேபிளில் பென்சில் கோடுகள். பார் மூடும்போது ஒவ்வொரு பாட்டிலிலும் மட்டம் எங்கே நிற்கிறது என்று கோடு போடுவது அப்பாவின் பழக்கம்; அதை வீட்டிலும் விடவில்லை. ஒன்பது கோடு. ஒன்பது ஞாயிறு. கோட்டுக்குக் கோடு ஒரே அளவு, ஒரு ஆள் நன்றாகக் குடிக்கும் அளவு இறங்கியிருந்தது.

அவள் கைப்பையிலிருந்து சுத்தமான சாம்பிள் பாட்டில் ஒன்றை எடுத்து, அப்பாவின் கிளாஸில் மிச்சமிருந்ததை அதில் ஊற்றி மூடினாள். தேதி எழுதினாள். நேரம் எழுதினாள். சாட்சி என்று போட்ட இடத்தில் கை நின்றது.

"என்னக்கா பண்ற?" தம்பி வாசற்படியில் நின்றான். கண் சிவந்திருந்தது.

"மோந்து பாரு."

பார்த்தான். பாட்டிலை அவளிடமே திருப்பிக் கொடுத்தான்.

"ஒன்பது வாரமா ஊத்திக் குடுத்திருக்கா. கேட்டா, கொண்டுபோனப்புறம் சொல்றாளாம்."

"அப்பாவே கேட்டு வாங்கிக் குடிச்சிருப்பார்க்கா. அவர் சொல் பேச்சு கேக்கற ஆளா?"

"கேட்டா குடுத்துடறதா? விஷத்தைக் கேட்டாலும் குடுப்பாளா?"

"சத்தம் போடாத. அவங்க உள்ள இருக்காங்க." தம்பி தலையைக் குனிந்துகொண்டான். "அஞ்சு மணிக்கு டாக்டர் வர்றார். அவர் எழுதிக் குடுத்தா ஆறு மணிக்கு வண்டி. நீ ஒரு வார்த்தை சொன்னேன்னா போலீஸ், ஆஸ்பத்திரி. அப்பாவை அறுப்பாங்க. யோசிச்சுக்கோ. இது கடையில எண்ணெய் சாம்பிள் எடுக்கற மாதிரி இல்ல."

அவள் யோசிக்கத்தான் செய்தாள். அப்பாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து யோசித்தாள். சித்தி ஒரு ஈரத்துணியோடு வந்து அவர் விரல்களில் ஒட்டியிருந்த தர்பூசணிச் சாற்றைத் துடைத்தாள். ஒவ்வொரு விரலாக, நகக்கண் வரைக்கும். அழவில்லை. அழாததையும் மகள் கவனித்தாள். அன்பாகத் துடைக்கிறாளா, தடயத்தைத் துடைக்கிறாளா? ஒரே கை, ஒரே துணி. பார்க்கிறவளுக்கு இரண்டாகவும் தெரிந்தது.

டாக்டர் ஐந்தே காலுக்கு வந்தார். மூட்டுவலிக்காரர், மாடி ஏறி வந்ததில் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். கண்ணிமையைத் தூக்கிப் பார்த்தார், மார்பில் குழலை வைத்தார், கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மூன்று வருடமாகத் தெரிந்த நோயாளிதான். படிவத்தை மடியில் வைத்து எழுத ஆரம்பித்தவர், வழக்கமாகக் கேட்பதைக் கேட்டார்.

"யாருக்கும் எதுவும் சந்தேகம் இல்லையே?"

தம்பி சுவரைப் பார்த்தான். டெய்லர் தம்பியைப் பார்த்தார். சித்தி மடித்த ஈரத்துணியை இன்னொரு தடவை மடித்தாள்.

"இருக்கு டாக்டர்" என்றாள் மகள்.

பேனா நின்றது. டாக்டர் அவளை நிமிர்ந்து பார்த்தார். பிறகு மூடியைத் திருகிப் பேனாவைச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.

போலீஸ்காரர் இருவர் வந்தார்கள். ஜாடி, கிளாஸ், ரம் பாட்டில், சாம்பிள் எல்லாவற்றுக்கும் பட்டியல் போட்டார்கள். ஆறு மணிக்கு வண்டியும் வந்தது. அது வேறு வண்டி. ஆட்கள் தூக்கும்போது, போலீஸ் வந்த பிறகு முதல்முறையாகச் சித்தி வாயைத் திறந்தாள்.

"இடது தோளைப் பாத்துத் தூக்குங்கப்பா. அவருக்கு அங்க வலி."

மாடிப்படியில் காலடிச் சத்தம் இறங்கி முடிந்தது. கீழே வண்டிக் கதவைச் சாத்தும் சத்தம் கேட்டது. சித்தி வாசல் கதவைச் சாத்திவிட்டு வந்து, எழுதிக்கொண்டிருந்த போலீஸ்காரருக்கு எதிரில் உட்கார்ந்தாள். பார்வை மகள்மேல் இருந்தது.

"இப்ப கேளு."

"என்ன கலந்தீங்க?"

"தர்பூசணி, அன்னாசி, ஆரஞ்சு. இஞ்சிச் சாறு கொஞ்சம் தூக்கலா. மிளகை நுணுக்கி ராத்திரியே ஊறப்போட்டு வடிகட்டுவேன், அதுதான் தொண்டையில சுடும். கசப்புக்குப் பால் விடாத கட்டந்தேயிலை. அவ்வளவுதான்."

"ரம்?"

"கிளாஸ் விளிம்புல மட்டும். விரல்ல தொட்டு ஒரு சுத்து. வாய்க்கு முன்னாடி மூக்குக்குத் தெரியணும்னு அவர்தான் எப்பவோ ஹோட்டல்ல எனக்குச் சொல்லிக்குடுத்தார்."

"பாட்டில் குறைஞ்சிருக்கே?"

"குறையாம இருந்தா கோடு போடறவருக்குத் தெரிஞ்சுபோகாதா? வாரா வாரம் அளந்து தொட்டியில ஊத்திடுவேன்."

போலீஸ்காரர் எழுதுவதை நிறுத்திவிட்டுச் சிரிப்பை அடக்கினார். மகளுக்குச் சிரிப்பு வரவில்லை.

"முப்பத்தொரு வருஷம் பார்ல நின்ன மனுஷன். மூடியைத் திறந்தாலே எந்தச் சரக்குன்னு சொல்றவர். அவரை நீங்க பழச்சாறைக் குடுத்து ஏமாத்தினீங்க. இதை நான் நம்பணும்."

"ஏமாந்தாரா, எனக்காக ஏமாந்த மாதிரி இருந்தாரா, எனக்கே தெரியாது." சித்தி தன் விரல் நுனியைப் பார்த்துக்கொண்டாள். "அவர் வீட்ல இருக்கும்போது இதைச் சொல்ல வாய் வரலை. காதுல விழுந்துடுமோன்னு இருந்துச்சு."

"நல்லாத்தான் கதை கட்டறீங்க."

"சரி" என்றாள் சித்தி. சொன்னது அத்தனையும் போலீஸ்காரர் எழுதி, வாசித்துக் காட்டி, கையெழுத்து வாங்கினார். சாட்சியாக டெய்லர் கையெழுத்துப் போட்டார். போடும்போது, "அப்ப எனக்கும் அதானா?" என்று மெதுவாகக் கேட்டார்.

உடல் செவ்வாய்க்கிழமை கிடைத்தது. தையல் தெரியாமலிருக்கக் கழுத்துவரை துணி போர்த்திக் கொடுத்தார்கள். அடக்கத்துக்குச் சித்தி வந்தாள். இடுகாட்டுக் கேட்டுக்குப் பக்கத்திலேயே நின்றாள். யாரும் போ என்று சொல்லவில்லை. வா என்று கூப்பிடவும் இல்லை. தம்பி ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். மகள் பார்க்கவில்லை. மண் தள்ளி முடிந்து திரும்பியபோது கேட்டருகில் யாரும் இல்லை.

அறிக்கை நாற்பத்தோராம் நாள் அலுவலக முகவரிக்கு வந்தது. மகள் நின்றுகொண்டே படித்தாள். மூன்று பக்கம். மரணத்துக்குக் காரணம் இதயத் தமனி அடைப்பு. இரைப்பையில் பழச்சாறு, இஞ்சி, மிளகு, தேயிலை. நச்சுப்பொருள் எதுவும் இல்லை. இரத்தத்தில் மது இல்லை. சாம்பிள் பாட்டிலில் மது, அளவிட முடியாத அளவுக்குச் சொற்பம். வழக்கம்போல் இரண்டாவது தடவை முத்திரையையும் கையெழுத்துகளையும் சரிபார்த்தாள். எல்லாம் சரியாக இருந்தன.

பிரதி இருவருக்கு என்று கடைசிப் பக்கத்தின் அடியில் தட்டச்சு செய்திருந்தது: ஒன்று மகளுக்கு, ஒன்று மனைவிக்கு. மனைவிக்கு அனுப்பிய உறை, வீட்டைக் காலி செய்துவிட்டார், புது முகவரி தெரியவில்லை என்ற தபால்காரரின் குறிப்போடு திரும்பி வந்து, பின்னால் இணைக்கப்பட்டிருந்தது.