ஒரு வரி பிந்தி

கடைசி வரிசைக்குப் பின்னால், கண்ணாடித் தடுப்புக்குள், அண்ணி மடிக்கணினி முன் உட்கார்ந்திருந்தாள். அரங்கத் திரையில் யாரும் கேள்விப்படாத ஒரு பிரெஞ்சுப் படம். அதற்கு மூலமான நாவலைத் தமிழுக்குக் கொண்டுவந்தவள் இவள்தான். கண்ணைக் கெடுத்துக்கொண்டு செய்த வேலை. புத்தகக் கட்டுகள் இன்னும் கட்டிலுக்கடியில் பிரிக்காமல் கிடக்கின்றன. படத்தின் அடியில் வரும் தமிழ் வசன வரிகளை எழுதும் வாய்ப்போ, கணவனின் தங்கைக்குப் போயிற்று. அழைப்பிதழில் நாத்தனார் பெயர் கொட்டை எழுத்தில்.

திரையில் ஒருவர் வாய் திறக்கும்போதெல்லாம், இங்கே ஓர் ஆள் பொத்தானை அழுத்தி வரியை அனுப்ப வேண்டும். வழக்கமாக அழுத்துபவர் காய்ச்சலில் படுத்துவிட்டார். படம் தொடங்குமுன் நாத்தனார் மூச்சிரைக்க ஓடிவந்திருந்தாள்.

"அண்ணி, நீங்கதான் காப்பாத்தணும். பிரெஞ்சு தெரிஞ்ச ஆளுக்கு இப்ப நான் எங்க போவேன்?"

"பொத்தான் அமுக்கவாவது லாயக்குன்னு நெனச்சியே, சந்தோஷம்டி."

"ஐயோ அண்ணி!" என்று சிரித்துவிட்டு முன்வரிசைக்கு ஓடினாள். அந்தச் சிரிப்பைத்தான் சகிக்க முடிவதில்லை. கெட்டவளாக இருந்திருந்தால் வெறுப்பதற்காவது வசதியாக இருக்கும்.

எங்கேயாவது சறுக்குவாள் என்று பூனைபோலக் காத்திருந்தாள் அண்ணி. சறுக்கவில்லை. கதாநாயகி தன் தங்கையிடம் மனதைத் திறக்கும் இடம் வந்தது. நாவலில் அது ஒரு முழுப் பக்கம். ஒரு மழைக்காலம் பூராவும் அதோடு மல்லுக்கட்டியவள் அண்ணி. மடிக்கணினியில் நாத்தனாரின் வரி தயாராக நின்றது:

'உன்னிடம் இருப்பது எனக்கு வேண்டாம். உன்னிடம் அது இல்லாமல் போனால் போதும்.'

அண்ணி அதை இரண்டுமுறை படித்தாள். அந்த ஒரு பக்கம் இவ்வளவுதானா? பொறாமையென்றால் என்னவென்றே அறியாத இவளுக்கு இது எப்படிக் கிடைத்தது? யாரைப் பார்த்து எழுதினாள்? பாவம், விரல் என்ன செய்யும். மனசு சொன்னதைக் கேட்டது. அழுத்தவில்லை.

கதாநாயகி பேசினாள், கண் கலங்கினாள், வெளியே போனாள். அரங்கத்துக்கு ஒன்றும் விளங்கவில்லை. யாரோ செருமினார்கள்.

அதற்குள் திரையில் ரொட்டிக்காரன் ஒருவன் வாசலில் வந்து வணக்கம் சொன்னான். அவன் வரிக்காக அண்ணி பதறி அழுத்தினாள். வரிசையில் முந்தி நிற்பதுதானே முதலில் வரும்? பல்லெல்லாம் தெரியச் சிரிக்கும் ரொட்டிக்காரனின் மார்புக்குக் கீழே கதாநாயகியின் வரி வந்து நின்றது.

அரங்கம் கொல்லென்று சிரித்தது. நாத்தனார் மட்டும் எழுந்து, கண்ணாடித் தடுப்பைத் திரும்பிப் பார்த்தாள். இன்னொருமுறை அழுத்தினால் அந்த வரி போய்விடும். அண்ணியின் விரல் அசையவில்லை. ரொட்டிக்காரன் போனான், கதவு சாத்தப்பட்டது. மூடிய கதவின்மேல் அந்த வெள்ளை எழுத்துகள் அப்படியே நின்றன; அவற்றின் நடுவே, கறுப்பாக, நாத்தனாரின் தலை.