மிச்சத் தூரம்

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். அதை நான் என்றைக்கும் மறைத்ததில்லை. ஆனால் அது யார் தலையில் போய் விடியும் என்று அந்தப் புதன்கிழமை யோசிக்கவில்லை, பாவி.

பார்சல் கிடங்கில் ‘சுருக்கி’யை ஓட்டுவது என் வேலை. பீரோ அளவுக்கு ஓர் இரும்புப் பெட்டி, முன்னால் ஒரு கதவு. பார்சலை உள்ளே வைத்துப் பொத்தானை அழுத்தினால், மூச்சு விடுவதற்குள் அது வேறு ஊர்க் கிடங்கில் இருக்கும். இடையிலுள்ள தூரத்தையும், அதை நடந்து கடக்க ஆகும் காலத்தையும் பெட்டி பிழிந்து எடுத்துவிடும். பிழிந்தது எங்காவது சொட்டித்தானே ஆக வேண்டும்? அதற்காகத் திரையில் ஒரு கட்டம் உண்டு: ‘மிச்சம் விடும் இடம்’. நடுக்கடலின் எண்ணைத்தான் எப்போதும் அதில் போடுவோம். போட்டது, யாராவது மாற்றும் வரை அப்படியே நிற்கும்.

“ஆள் இருக்குற இடத்துல மட்டும் விட்டுடாதீங்கம்மா,” என்று நான் சேர்ந்த அன்றே இஞ்சினியர் சொல்லியிருந்தார். “அங்க நடக்குறவங்களுக்குப் பசிக்காது, தாகம் எடுக்காது. ஆனா நடக்குற காலம் மட்டும் உடம்புல ஏறிடும்.”

நான் தலையாட்டினேன். எல்லாவற்றுக்கும்தான் தலையாட்டுகிறோம்.

எங்கள் மாடியில் இரண்டே வீடுகள், எதிரெதிராக. நான்கு-ஏ நானும் என் ஏழு வயது மகள் வாலுவும். நான்கு-பி என் அண்ணனும் அண்ணியும். அண்ணன் லாரி ஓட்டுகிறவன், மாதத்தில் பாதி நாள் வெளியில்தான்; அந்த வாரமும் ஊரில் இல்லை. அண்ணிக்குப் பிள்ளை இல்லை. நான் வேலைக்குப் போனால் வாலு அண்ணி வீட்டில்தான் இருப்பாள். அங்கேயே சாப்பிட்டு, அங்கேயே தூங்கி, சில நாள் என்னையே விருந்தாளி போலப் பார்ப்பாள்.

புதன்கிழமை காலையில் செருப்பு அலமாரியை யார் பக்கம் தள்ளுவது என்று ஒரு சண்டை. ஒன்றுமில்லாத விஷயம். ஆனால் அண்ணி அதோடு நிறுத்தவில்லை.

“பெத்துட்டா ஆச்சா? குழந்தைக்கு என்ன பிடிக்கும்னு உனக்குத் தெரியுமாடி?”

பதில் சொல்வதற்குள் கதவை என் முகத்தில் சாத்தித் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள். தெரியாது என்பதுதான் உண்மை. அதனால்தான் அப்படி எரிந்தது.

அன்று எதிர்க் கட்டடத்துக்கு ஒரு சின்ன உறை போக வேண்டியிருந்தது. நாற்பது மீட்டர். கடல் எண்ணை அழித்துவிட்டு அண்ணி வீட்டு முகவரியை அடித்தேன். கொஞ்சம் நடக்கட்டுமே, மகாராணி!

மாலையில் கதவைத் தட்டினால், அவள் மூச்சு வாங்க வந்து திறந்தாள்.

“என்னமோ தெரியல, சமையலறையிலேர்ந்து வாசலுக்கு வர்றதுக்குள்ள கால் கழண்டு போகுது. பசியும் எடுக்க மாட்டேங்குது,” என்றாள்.

“வயசாகுதுல்ல அண்ணி,” என்றேன். சொல்லவே வெட்கமாக இருக்கிறது, உள்ளுக்குள் குளுகுளு என்று இருந்தது.

வியாழனும் அப்படியே ஓர் உறை. வாலு வந்து, “அத்தை வீட்டு ஹால்ல ஓட்டப்பந்தயமே வைக்கலாம்மா!” என்று குதித்தாள். வெள்ளிக்கிழமை இன்னொன்று. உறையைக் கடைசியாக அனுப்பி, கட்டத்தைக் கடல் எண்ணுக்கு மாற்றிவிட்டுத்தான் எழுவேன். வெள்ளியன்று பஸ்ஸைப் பிடிக்கிற அவசரத்தில் அப்படியே எழுந்து வந்துவிட்டேன்.

சனிக்கிழமை எனக்கு விடுமுறை. பதினொன்றரை மணிக்கு வாலுவுக்குத் தலை வாரி மஞ்சள் கிளிப் மாட்டிவிட்டேன். அவள் எதிர் வீட்டுக்கு ஓடினாள். தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. நான் துணி துவைத்தேன், கொஞ்சம் படுத்தேன்.

இரண்டு மணிக்குப் போன் அடித்தது. சனிக்கிழமைகளில் எனக்குப் பதில் பன்னிரண்டு மணிக்குக் கிடங்கைத் திறக்கும் ஆபரேட்டர்.

“அக்கா, கடல் எண்ணை மாத்திட்டாங்களா? இங்க ஏதோ வீட்டு முகவரி மாதிரி நிக்குது. நான்கு-பின்னு போட்டிருக்கு.”



“எத்தன பார்சல் போட்ட?”

“நானூறு இருக்கும். எல்லாம் அறுநூறு கிலோமீட்டருக்கு மேல.”

“நிறுத்துடா! கைய எடு அதுலேர்ந்து!”

போனைப் போட்டுவிட்டு எதிர்க் கதவை இரண்டு கையாலும் அறைந்தேன். “அண்ணி! வாலு! கதவத் திறங்க!” அந்தத் தாழ்ப்பாளை வெளியிலிருந்து திறக்க வழியில்லை. காதை வைத்துக் கேட்டேன். முதலில் ஒன்றுமே இல்லை. பிறகு எங்கேயோ, மிக மெல்ல, காலடிச் சத்தம். சீரான நடை. அவசரமே இல்லாத நடை. ஒரே ஓர் ஆளின் நடை.

நான் கத்திக்கொண்டே இருந்தேன். காலடி நெருங்கி வந்தது. தாழ்ப்பாள் விலகியது.

வாசலில் ஒரு பெண் நின்றாள். என் வயதுக்குக் கொஞ்சம் குறைவாக இருக்கலாம். அண்ணியின் நீலப்பூ நைட்டி, சாயம் போய், விளிம்பெல்லாம் நைந்து. வெறுங்கால், பாதம் முழுக்க வெடிப்பு. இடுப்பு வரை தொங்கிய முடியில், காதோரம், அந்த மஞ்சள் கிளிப்.

“அம்மா,” என்றாள். குரல் எனக்குப் பழக்கமே இல்லாத குரல். “நீ அப்படியே இருக்கியேம்மா.”

அவள் தோளைப் பிடித்தேன். அவள் பின்னால் கூடம், சுவரும் தரையும் ஒரு புள்ளியாகச் சேரும் வரை போய்க்கொண்டிருந்தது.

“அத்தை எங்கடி?”

“முதல்ல அத்தை என்னைத் தூக்கிக்கிட்டு நடந்தாங்க. அப்புறம் ரெண்டு பேரும் நடந்தோம். அப்புறம் நான் அவங்களைத் தூக்கிக்கிட்டு நடந்தேன்.” திரும்பி அந்தக் கூடத்தைப் பார்த்தாள். “ரொம்ப முன்னாடியே இறக்கி வெச்சிட்டேன்மா. தனியா விட்டுட்டு வரவே மனசில்ல.”

நான் அழுதேன். அவள் அழவில்லை.

“எப்படிம்மா இது ஆச்சு? உன் மெஷின்தானா? யாரு செஞ்சது?”

எதற்கும் பதில் வைத்திருக்கிற வாய் எனக்கு. அன்றைக்கு அது உண்மையைச் சொன்னது.

“நான்தான். அத்தை மேல கோவத்துல.”

அவள் சொன்னாள்: “வழியெல்லாம் அத்தை ஒண்ணுதான் சொல்லிக்கிட்டே வந்தாங்க. ‘உங்கம்மா கோவம் ரெண்டு நாள்தான்டி. அவளே வந்து கதவைத் தட்டுவா. நீ நட’ன்னு.”