மைனஸ் ஒன்று சித்தப்பா

எங்கள் வைரவன் சித்தப்பா மைனஸ் ஒன்று. அவர் எந்த வீட்டில் கால் வைத்தாலும் அங்கே ஒரு ஆள் குறையும். அவர்மேல் தப்புச் சொல்ல முடியாது, பிறவி அப்படி. ஆவணியில் எங்கள் வீட்டுக்கு வந்தார். என் மனைவி செண்பகம் குறைந்தாள். அடுப்பில் ரசம் நுரை கட்டிக்கொண்டிருந்தது; நான்தான் இறக்கி வைத்தேன்.

மீதி நான், அப்பா, தங்கை கோமதி. சித்தப்பாவுக்கோ எங்கள் வீட்டுச் சாப்பாடு பிடித்துப்போய்விட்டது. விருந்தும் மருந்தும் மூன்று நாள் என்பார்கள். மனுஷன் ஐப்பசி மழையையும் இங்கேயே பார்த்தார். எனக்குச் செண்பகம் இல்லாமல் சோறு இறங்கவில்லை.

கோமதி பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் எடுப்பவள். ஒருநாள் காபி குடித்துக்கொண்டே சொன்னாள்: "நாம மூணு பேர். ரெண்டு பேர் போனா மிச்சம் ஒண்ணு. ஒருத்தர் போனா ரெண்டு. யாரும் போகலைன்னா மூணு. போறது ஒவ்வொண்ணா குறையக் குறைய மிச்சம் ஒவ்வொண்ணா கூடுதுல்ல? சைபருக்கு அடுத்த படி சித்தப்பா. அவர் போனா நாலு."

"நாலாவது செண்பகமா?" என்றேன்.

"வேற யாருண்ணே?"

சித்தப்பாவும் மனசார ஒத்துக்கொண்டார். பையைத் தூக்கினார், "போயிட்டு வரேன்" என்றார். மதியம் திரும்பி வந்துவிட்டார். அந்த வார்த்தையில் போவதும் இருக்கிறது, வருவதும் இருக்கிறது. அவரைச் சொல்லி என்ன செய்ய? மறுநாளும் அதே கூத்து. "போறேன்" என்று மட்டும் சொல்லுங்கள் என்றேன். அப்பா காதைப் பொத்திக்கொண்டார். குடும்பம் நடக்கிற வீட்டில் அப்படிச் சொல்லலாமா என்று சித்தப்பா கண்கலங்கினார்.

"எனக்குச் செண்பகம் வேணும் சித்தப்பா" என்றேன்.

அவர் குனிந்து செருப்பை மாட்டிக்கொண்டார். பிறகு "போறேன்" என்றார். போய்விட்டார்.

செண்பகம் வாசலில் நின்றாள். யூனிஃபார்ம் போட்ட ஒரு சின்னப் பெண் அவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். கோமதி எல்லோரையும் எண்ணினாள்.

"அஞ்சு. வந்தப்ப மைனஸ் ஒண்ணுதான். நம்ம சாப்பாட்டுல மைனஸ் ரெண்டு ஆயிட்டாருண்ணே" என்றாள்.

செண்பகம் என்னைப் பார்த்தாள். "எங்க ரெண்டு பேரையும் தேடினீங்களா?"

"தேடினேன்" என்றேன்.

அப்பா பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல், "வேணி, கைகால் கழுவிட்டு வா, சாப்பிடலாம்" என்றார். அந்தப் பெண் "சரி தாத்தா" என்று நேராகக் கிணற்றடிக்குப் போனாள்.

வேணி, வேணி என்று மனசுக்குள் இரண்டு தரம் சொல்லிப் பார்த்துக்கொண்டேன்.