சின்னவளுக்கு வெட்டிய துணி

பெரியவளின் தையல் கடையில் மிஞ்சும் பிட்டுத் துணிகள், மதியச் சாப்பாட்டு நேரம் ஆனதும் எழுந்து, யாருக்காக வெட்டப்பட்டனவோ அவர்களிடமே போய்விடும். அக்காவும் தங்கையும் பின் அறையில் தட்டைப் போட்டு உட்கார்ந்ததும் அவை ஜன்னல் வழியாகக் கிளம்பும். மெக்கானிக்கின் கால்சட்டைத் துண்டு, காருக்கு அடியில் படுத்திருக்கும் அவர் முகத்தில் போய் விழும். டீச்சரம்மாவின் பூப்போட்ட துண்டு வகுப்புக்குள் நுழைந்து கரும்பலகையில் ஒட்டிக்கொள்ளும். சாப்பாட்டு நேரம் முடிந்தால் எந்தத் துண்டும் இருந்த இடத்தில் அப்படியே படுத்துவிடும். மற்ற ஊர்களில் தையல்காரி மிச்சத்துணியை அமுக்கிக்கொள்கிறாள் என்று பேசுவார்கள். இந்த ஊரில் கொதிக்கிற பாலில் துணி விழுகிறது என்றுதான் புகார் வந்தது. புகாரில் நியாயம் இருந்ததால் பெரியவள் அதற்கு ஒரு வழி தேடினாள்.

பெட்டியில் போட்டுப் பூட்டிப் பார்த்தாள். பெட்டியே நகர்ந்து வாசல் வரை போனது. துண்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துத் தைத்துப் பார்த்தாள். பேச்சுவார்த்தை இல்லாத இரண்டு வீட்டுத் துணிகள் ஒன்றையொன்று கிழித்துக்கொண்டன. கடைசியில் கைகொடுத்தது சங்கிலி. தையல் புத்தகங்களில் ஐரிஷ் செயின் என்று போட்டிருப்பார்கள், கடையில் அதற்குச் சங்கிலி என்றுதான் பெயர். சின்னச் சதுரங்களை மூலையோடு மூலை தொடும்படி வைத்துக்கொண்டே போனால், போர்வை முழுக்கச் சாய்வாகக் கோடுகள் ஓடி ஒன்றையொன்று வெட்டிக்கொள்ளும். நடுவில் இருப்பதெல்லாம் வெள்ளைத் துணி. அது யாருக்காகவும் வெட்டப்படாதது என்பதால் அதற்குப் போக வீடு கிடையாது. ஒரு சதுரம் தன் வீட்டுப் பக்கம் இழுக்கும்போது மூலையில் இருப்பது வேறு வீட்டுப் பக்கம் இழுக்கும். ஆகமொத்தம் போர்வை வைத்த இடத்தில் கிடக்கும். அதன் கீழே படுத்தவர்கள் புரளாமல் தூங்கினார்கள். ஆர்டர் குவிந்தது. தன் கைவேலையில் பெரியவளுக்கு இருந்த நம்பிக்கை கொஞ்சநஞ்சமல்ல. அதைத் தலைக்கனம் என்று சொன்னவர்களும் அவளிடம்தான் போர்வை வாங்கினார்கள்.

தங்கையை ஊரில் சின்னவள் என்றுதான் கூப்பிடுவார்கள். அப்பா அம்மா போன பிறகு அவளை வளர்த்தது அக்காதான். வளர்த்தாளே தவிர, ஒருநாளும் அவளுக்கென்று புதுத்துணியில் கத்திரி வைத்ததில்லை. கடையில் மிஞ்சியதில் அவளுக்குக் கவுன் தைத்துப் போட்டாள். சங்கிலி பிடிபடாத அந்தக் காலத்தில், கையில் சாப்பாட்டுத் தட்டோடு மெக்கானிக் வீட்டு வாசலில் போய் நிற்கும் சின்னவளை ஊரே பார்த்திருக்கிறது. கவுன் இழுத்துக்கொண்டு போனால் அவள்தான் என்ன செய்வாள்? வளர்ந்ததும் கடையில் இஸ்திரி வேலை அவளுடையது. ஒரு வரிசையின் தையல் ஓரங்களை இடப்பக்கம் மடித்துத் தேய்த்தால், அடுத்த வரிசையை வலப்பக்கம் மடித்துத் தேய்க்க வேண்டும். அப்போதுதான் இரண்டும் ஒன்றுக்குள் ஒன்று உட்கார்ந்து மூலை பிடித்துக்கொள்ளும். ஒருநாள் ஏதோ பாட்டை முணுமுணுத்தபடி எல்லா வரிசையையும் ஒரே பக்கம் மடித்துத் தேய்த்துவிட்டாள். அந்தப் போர்வையைப் பல் டாக்டர் தன் நோயாளிகள் துள்ளாமல் இருக்க வாங்கிப்போயிருந்தார். மதியமானதும், வாயைத் திறந்தபடி ஒருவர் பார்த்துக்கொண்டிருக்க, சதுரங்கள் தையலை விட்டுக் கழன்று ஊர் முழுக்கப் பறந்தன.

மிஞ்சிய வெள்ளைத் துணியைக் கையில் பிடித்துக்கொண்டு டாக்டர் கடைக்கு வந்தபோது அங்கே கூட்டம் இருந்தது. அத்தனை பேர் முன்னால் பெரியவள் சொன்னாள்: "மிச்சத்துணியிலயே வளர்ந்தவதானே நீ. உன் வேலை வேற எப்படி இருக்கும்?"

சின்னவள் இஸ்திரிப் பெட்டியின் ஸ்விட்சை அணைத்தாள், தன் கத்திரியை எடுத்துக்கொண்டாள், வெளியே வந்து முதலில் நின்ற பஸ்ஸில் ஏறிப் போனாள்.

சில வருடங்கள் போயின. காலால் மிதிக்கிற மெஷின் போய் மோட்டார் மெஷின் வந்தது, கால்சட்டைகள் அகலமாகி மறுபடி ஒடுங்கின. சொன்ன சொல்லை நினைக்கும்போதெல்லாம் பெரியவளுக்கு வாய் கசந்தது. தங்கை எந்த ஊரில் இருக்கிறாள் என்று யாருக்கும் தெரியவில்லை. சின்னவளுக்குச் சொந்தமான ஒரு பிட்டுத் துணி கிடைத்தால் போதும், அது வழிகாட்டிவிடும் என்று கடையைத் தலைகீழாகப் புரட்டினாள். ஒன்றுகூட இல்லை. சின்னவள் போட்டுத் தேய்ந்த கவுன்களுக்கு மெக்கானிக்கைத் தெரியும், டீச்சரம்மாவைத் தெரியும், போட்டிருந்தவளைத் தெரியாது. அன்றைக்குத்தான் பெரியவள் அழுதாள், அதுவும் மெஷினை நிறுத்தாமல்.

அழுது முடித்ததும் எழுந்து துணிக்கடைக்குப் போனாள். மஞ்சள் பூப்போட்ட பருத்தித் துணியில் முழுப் பீஸாக வாங்கிவந்து, டேப்பைத் தொடாமல், கண்ணளவிலேயே தங்கைக்கு ஒரு கவுன் வெட்டினாள். வேண்டுமென்றே மிச்சம் நிறைய விழும்படி வெட்டினாள். வாழ்க்கையில் அவள் துணியை வீணாக்கியது அதுதான் முதல் தடவை. மதியம் மிச்சத்துணி கிளம்பியது. முதல் துண்டு போன வேகத்தில் தெருமுனை வரைக்கும்கூட அவளால் ஓட முடியவில்லை. சட்டென்று ஜன்னலைச் சாத்தி மற்றவற்றைப் பிடித்துச் சதுரமாக நறுக்கினாள். ஊர்க்காரர்களின் துண்டுகளைப் பிரேக் மாதிரி இடையிடையே போட்டு ஒரு சங்கிலி தைத்தாள். சின்னவளின் சதுரங்கள் எண்ணிக்கையில் கொஞ்சம் தூக்கலாக இருந்ததால், போர்வை தரைக்கு ஒரு சாண் மேலே மிதந்து, ஆள் நடக்கிற வேகத்தில் வாசலைத் தாண்டியது. கவுனைப் பையில் போட்டுக்கொண்டு அவள் பின்னாலேயே நடந்தாள். மதியச் சாப்பாட்டு நேரம் மட்டும்தான் அது நகரும். மற்ற நேரமெல்லாம் அதை விரித்து அதன் மேல் உட்கார்ந்து, வழியில் இருப்பவர்களுக்குக் கிழிசல் தைத்துக்கொடுத்தாள். எத்தனை ஊர் தாண்டினாள் என்பது அவளுக்கே தெரியாது. நடக்கிற நேரமும் சாப்பாட்டு நேரமும் ஒன்றாகிவிட்டதால் ஆள் பாதியாக இளைத்துவிட்டாள்.

ஒரு மதியம் போர்வை ஒரு சின்னத் தையல் கடைக்குள் நுழைந்து, சாப்பிட்டுக்கொண்டிருந்தவளின் தோளில் தன்னைப் போர்த்திக்கொண்டது. சின்னவள் சதுரங்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அப்புறம் வாசலில் நின்ற அக்காவைப் பார்த்தாள்.

"முன்னாடியே இதுல ஒரு துண்டு வந்துச்சு," என்றாள். "விலாசம் மாறி வந்துடுச்சுன்னு நெனச்சேன். எனக்குன்னு யாரு துணி வெட்டப்போறா?"

"நான்தான்டி வெட்டினேன். முழுத்துணியில வெட்டினேன்."

கவுன் இடுப்பில் இறுக்கியது. பெரியவளின் கண்ணளவில் தங்கைக்கு இன்னும் பழைய வயதுதான். சின்னவள் அதைத் தானே பிரித்துத் தளர்த்திக்கொண்டாள். வீட்டுக்கு வா என்று அக்கா கூப்பிட்டபோது, "இங்க எனக்குக் கடை இருக்குக்கா," என்பதோடு நிறுத்திக்கொண்டாள். வருவேன் என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. போர்வையை அங்கேயே விட்டுவிட்டுப் பெரியவள் பஸ்ஸில் தனியாகத் திரும்பினாள்.

மழைக்காலம் முடிந்த பிறகு ஒரு மதியம், அவள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது நீலத்துண்டு ஒன்று வெளியிலிருந்து வந்து மடியில் உட்கார்ந்தது. அவள் கடையிலிருந்து துணி வெளியே போகுமே தவிர, உள்ளே வந்ததில்லை. எடுத்து விரித்துப் பார்த்தாள். சட்டையில் கை வைத்துத் தைக்கும் கைக்குழியின் வளைவை ஒட்டி வெட்டி எடுத்த துண்டு அது. கத்திரி பிடித்துப் பிடித்து அவளுடைய வலது தோள் கொஞ்சம் இறங்கிப்போயிருந்தது. வளைவு அந்த இறக்கத்துக்கு ஏற்றபடி இருந்தது. பெரியவளுக்கு யாரும் அதுவரை துணி வெட்டியதில்லை. அந்தத் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு சாப்பாட்டை மறந்து உட்கார்ந்திருந்தாள்.

இரண்டு நாள் கழித்து, தைத்து முடித்த சட்டையோடு சின்னவளே பஸ்ஸில் வந்து இறங்கினாள். போட்டுக்காட்டச் சொன்னாள். சட்டை அளவெடுத்த மாதிரி உட்கார்ந்தது. பெரியவள் கண்ணாடி முன்னால் இப்படியும் அப்படியும் திரும்பி, கையைத் தூக்கி இறக்கிப் பார்த்தாள்.

"கை கொஞ்சம் இறுக்கமா இருக்கு," என்றாள்.

சின்னவள் சட்டைக் கைக்குள் விரலை விட்டுப் பார்த்தாள். இரண்டு விரல் தாராளமாகப் போனது. அக்காவின் முகத்தையும் ஒரு தடவை பார்த்தாள்.

"ஆமா. பிரிச்சுத்தான் தைக்கணும். இன்னிக்கு முடியாது," என்றாள்.

பிரித்து, அதே இடத்தில் அதே தையலைப் போட்டாள். மறுநாள் காலர் சரியில்லாமல் போனது. அதற்கப்புறம் பொத்தான்கள். இதற்கிடையே தன் ஆளைக் காணாமல் போர்வை அந்த ஊரிலிருந்து கிளம்பி, மதியத்துக்கு மதியம் மட்டும் நகர்ந்து, ஊர் ஊராகத் தாண்டி, ஒருவழியாகப் பெரியவளின் கடைக்கு வந்து சேர்ந்தது. அப்போதும் சட்டையில் குறை தீர்ந்திருக்கவில்லை.