‘உடனே’ என்று மாற்றியது யார்?

சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டே அண்ணன் கைபேசியில் வாசித்த வாக்கியத்தைக் கேட்டு அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவன் மருத்துவமனை மருந்தகத்தில் வேலை பார்ப்பவன். மருந்துக் கம்பெனிகளுக்கு அரசாங்கம் அன்று புதிய விதி போட்டிருந்தது.

“குறையுள்ள மருந்தை, உற்பத்தியாளரே, தம் செலவில், உடனே...”

“அண்ணே, நிறுத்து. அது நான் எழுதினது.”

“ஆமா, நீ இல்லாம அரசாங்கமே நடக்காது.”

அவள் பொய் சொல்லவில்லை. நகரின் மிகப் பெரிய சட்ட நிறுவனத்தில் அவளுக்கு ‘கமா’ என்றே பட்டப்பெயர். மூச்சு விடுகிற இடத்திலெல்லாம் ஒன்று வைப்பாள். மருந்துக் கம்பெனிகளின் சங்கத்துக்காக அவள் எழுதிக்கொடுத்த ‘யோசனைகள்’ அச்சுப் பிசகாமல் விதியாகியிருந்தன. ஓரிடத்தில் மட்டும் மாற்றம். அவள் எழுதியது ‘நியாயமான காலத்துக்குள்’. அதை வைத்துக்கொண்டு ஒரு கம்பெனி குறையுள்ள மருந்தைத் திரும்பப் பெறாமல் மாதக்கணக்கில் ஆற அமர யோசிக்கலாம். எழுதச் சொன்னதே அதற்குத்தான். விதியிலோ ‘உடனே’.

யார் கை வைத்தது? கேள்வி மண்டையைக் குடைந்தது. மதியம் அமைச்சகத்துக்கே போய்விட்டாள்.

விதிகள் எழுதும் பிரிவில் ஆளில்லாத மேசைகளுக்கு நடுவே ஒரு பெண் அதிகாரி மட்டும் இருந்தார்.

“நான்தாம்மா மாத்தினேன். மத்தபடி நல்லா எழுதியிருந்தீங்க, அப்படியே எடுத்துக்கிட்டேன். இங்க எழுத ஆள் எங்க இருக்கு?”

“அந்த ஒரு இடத்தை மட்டும் எப்படி மேடம் கண்டுபிடிச்சீங்க?”

“உங்க ஆபீஸ்ல நானும் அதே வேலையத்தான் பாத்தேன்.”

இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

மறுநாள் சீனியர் கூப்பிட்டனுப்பினார். நிறுவனத்தின் தலைவர் அவர்தான்.

“அந்தம்மா சௌக்கியமா இருக்காங்களா?”

அங்கே போனதை அவள் யாரிடமும் மூச்சு விட்டிருக்கவில்லை.

“உங்களுக்கு எப்படி சார் தெரியும்?”

“இதுகூட தெரியலேன்னா கம்பெனிக்காரங்க நம்மளத் தேடி வருவாங்களா?” அவர் குரலில் கோபமே இல்லை. “அங்க ஆள் பத்தலையாம். உன்னை ஒரு வருஷத்துக்கு அனுப்பி வைக்கிறோம். சம்பளம் நாமதான் குடுப்போம்.”

திட்டு விழும் என்று நினைத்திருந்தாள். ஆள் இல்லாத மேசைகள் எப்படி நிரம்புகின்றன என்பது அப்போதுதான் புரிந்தது.

“போறேன் சார். ஆனா சம்பளத்த அவங்களே குடுக்கட்டும். நான் ராஜினாமா பண்ணிட்டுப் போறேன்.”

வேடிக்கை பேசுகிறாள் என்று நினைத்து அவர் வாய்விட்டுச் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை என்பதைக் கவனித்ததும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

வீட்டில் அண்ணன் தலையில் அடித்துக்கொண்டான். “யாராவது இந்த வேலைய விடுவாங்களா?”

“அந்தப் பக்கம் எப்படி இருக்குன்னு பாக்கணும்ணே.”

தேர்வு எழுதி, காத்திருந்து, அமைச்சகத்தில் சேர்ந்தாள். சேர்ந்த முதல் வாரமே பழைய நிறுவனத்திலிருந்து புதிய ‘யோசனைகள்’ வந்தன. வழவழவென்ற நடை. எழுதியது யாராக இருக்கும் என்று யோசித்தபடியே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு படிக்க ஆரம்பித்தாள்.