கோரா ஹாலக்கின் சனிக்கிழமைகள்

இன்றைக்கு எந்த ஊரில் கூட்டம் என்று கோரா ஹாலக் நினைத்துக்கொண்டாள். நினைத்து முடிப்பதற்குள் இருபது பேருக்கான உருளைக்கிழங்கும் தோல் உரிந்து வாளியில் கிடந்தது. படக் கம்பெனிகள் இருந்த ஆற்றங்கரை ஊரான ஃபோர்ட் லீயில் சனிக்கிழமை பிற்பகல்களில் அவள் மற்றவர்களைவிட இரண்டு மடங்கு வேகத்தில் நடமாடினாள். செவ்வாய்க்கிழமைகளில் ஒரு கரண்டியை எடுத்து வைக்கக் கால்மணி நேரம் ஆனது. விடுதி நடத்திய டோர்கன் அம்மாள் அதற்கேற்ப வேலையைப் பிரித்துக் கொடுத்தாள்: சனிக்கிழமை கிழங்கு, செவ்வாய்க்கிழமை கஞ்சி கிண்டுவது.

ஃபோர்ட் லீக்கு வருமுன் ஒன்பது வருடம் கோரா நாடகக் கம்பெனியில் இருந்தாள். யூட்டிகா, எல்மைரா, ஸ்க்ராண்டன் என்று வாரம் ஒரு ஊர். அழகு சுமார், குரலும் சுமார்தான். அவளிடம் இருந்தது ஒரு மௌனம். மூன்றாம் அங்கத்தில் கடிதத்தைப் பிரித்துப் படித்துவிட்டு அப்படியே நிற்பாள். எவ்வளவு நேரம் என்று முன்கூட்டி அவளுக்கே தெரியாது. அறுநூறு பேர் இருமலை அடக்கிக்கொண்டு காத்திருப்பார்கள். உள்ளே ஏதோ நிரம்பி விளிம்புக்கு வந்ததும் கடிதத்தை மடிப்பாள். தன்னுடையது என்று எதையாவது காட்டச் சொல்லியிருந்தால் அந்த நேரத்தைத்தான் காட்டியிருப்பாள்.

கோடையில் நாடகக் கொட்டகைகள் மூடியிருக்கும். நடிகர்கள், யாரும் அடையாளம் கண்டுவிடாதபடி தொப்பியை முகத்துக்கு இறக்கிக்கொண்டு, காலைப் படகில் ஹட்சன் ஆற்றைக் கடந்து, பேசாப் படத்தில் நடிக்கப் போவார்கள். 1911இல் கோராவும் போய், டோர்கன் அம்மாளின் விடுதியில் தங்கி, சமையலறையில் உதவத் தொடங்கினாள். படப்பிடிப்புக் கூடத்தின் கண்ணாடிக் கூரையின் கீழே எமில் ஸ்ட்ரோபல், அணிவகுப்பு மெட்டு ஒன்றை முனகியபடி, கேமராவின் கைப்பிடியை வினாடிக்கு இரண்டு சுற்றாகச் சுற்றினார். கேமராவின் முன்னும் அவள் கடிதத்தைப் படித்துவிட்டு நின்றாள். மூன்று வாரத்தில் படம் ஊர்களுக்குப் போனது. அங்கே கொட்டகையில் படம் காட்டும் ஒவ்வொரு ஆபரேட்டரும் மெஷினின் கைப்பிடியைத் தன் கையால் சுற்றி அதை ஓட்டினான். வாசலில் கூட்டம் நின்றால் இன்னொரு காட்சியைச் சேர்க்க அவசரமாகச் சுற்றினான், ஆளில்லாத நாளில் தூங்கி வழிந்தபடி சுற்றினான். அவன் சுற்றிய வேகத்தில் கோரா சமையலறையில் நடந்தாள்.

"ஏம்மா கோரா, சனிக்கிழமை மட்டும் உனக்கு இன்னும் ரெண்டு கை முளைக்குதா?" என்றாள் டோர்கன் அம்மாள்.

"ஸ்க்ராண்டன்ல ஹவுஸ்ஃபுல் போல" என்றார் மாடியறையில் இருந்த நகைச்சுவை நடிகர். "மொதல்ல அந்த சூப்பை அவகிட்டேர்ந்து வாங்குங்க, நம்ம தலையில கொட்டிடப் போறா."

அதே மேசையில் சாப்பிட்டுக்கொண்டிருந்த எமிலுக்கு மட்டும் முகம் சிவந்தது. "நான் வேகமா சுத்தலம்மா. வினாடிக்கு ரெண்டுதான். சத்தியமா."

படங்கள் பெருகியபோது இடது கை ஒரு ஊரின் வேகத்துக்கும் வலது கை வேறொரு ஊரின் வேகத்துக்கும் போயின. சட்டைப் பொத்தானைப் போட இரண்டும் ஒத்துவரவில்லை. படிக்கட்டில் ஓடி இறங்கிவிட்டு எதற்கு ஓடினோம் என்று நிற்பாள். கோபம் வந்தால், அது தன் கோபமா, ஒஹையோவில் யாரோ ஒருவன் வீட்டுக்குப் போகிற அவசரமா என்று விளங்கவில்லை. மரக்கடைக்காரர் ஒருவர் மணந்துகொள்ளக் கேட்டபோது சட்டென்று சரி என்றாள். சொன்னது தான்தானா என்று இரண்டு நாள் யோசித்து, வேண்டாம் என்று எழுதினாள். எழுதியதையும் பல வருடம் சந்தேகப்பட்டாள்.

1914இல் ஒரு வாரம் மறுபடி மேடைக்குப் போனாள். சனிக்கிழமை மதியக் காட்சியில் கடிதத்தைப் பிரித்து, படித்து, மடித்து, கண் சிமிட்டும் நேரத்தில் உள்ளே போய்விட்டாள். அறுநூறு பேரும் சிரித்தார்கள். திரைக்குப் பின்னால் நின்று அழ முயன்றாள். அழுகையும் நொடியில் முடிந்துவிட்டது. அதன்பின் அவள் மேடை ஏறவில்லை. படக் கம்பெனிகள் கலிபோர்னியாவுக்குப் போனபோதும் போகவில்லை. டோர்கன் அம்மாளின் சமையலறையில் இருந்துவிட்டாள்.

தேய்ந்த படப் பிரதிகளைக் கம்பெனிகள் திரும்ப வாங்கி, அவற்றில் இருந்த வெள்ளியைப் பிரித்தெடுக்கக் கரைத்தன. ஒவ்வொரு பிரதி கரைந்தபோதும் கோராவின் உடம்பிலிருந்து ஒரு அவசரம் இறங்கியது. கடைசியில் வியாழன் மாலைகளில் மட்டும் சிறு படபடப்பு மிஞ்சியது. 1929 வசந்தத்தில் அதுவும் நின்றது. அன்று அடுப்படியில், பால்காரரின் சீட்டைப் படித்துவிட்டு அவள் அப்படியே நின்றாள். டோர்கன் அம்மாள் வாசற்படியில் இருமலை அடக்கிக்கொண்டு காத்திருந்தாள்.

அந்த இலையுதிர்காலத்தில் எமில் ஒரு தகர டப்பாவோடு வந்தார்.

"ஒரு பிரதி மட்டும் கரைக்காம தப்பிச்சிருக்கு கோரா. கடிதம் படிக்கிற காட்சி அதுல முழுசா இருக்கு. பிரதான தெரு கொட்டகையில பழைய மெஷினை வச்சு நானே சுத்தறேன். நீ நின்னது நின்னபடியே இருக்கும். சரியான வேகத்துல அதை ஒருத்தனும் பாத்ததே இல்ல. நீகூட பாத்ததில்ல. நீ சரின்னு சொல்லாம நான் திறக்க மாட்டேன்."

கோரா டப்பாவைப் பார்த்தாள். கைப்பிடி சுற்றிய இத்தனை கைகளில் அவளுடைய வேகத்துக்கு அருகில் வந்தது இந்தக் கைதான். அருகில் வந்தது என்பதாலேயே, எது தன் வேகம், எது அவருடையது என்று இனி பிரித்தறிய முடியாமல் போகுமோ என்று தோன்றியது. ஆசையாகவும் இருந்தது. அந்த ஆசை யாருடையது என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். தேநீர் ஆறியது. நான்கு மணிப் படகு ஊதிவிட்டுப் போனது. எமிலின் வலது கை, அவர் அறியாமலே, மேசையோரத்தில் வினாடிக்கு இரண்டு சுற்றாகச் சுற்றிக்கொண்டிருந்தது. அவள் அதன்மேல் தன் உள்ளங்கையை வைத்தாள். கை நின்றது. ஜன்னல் வெளிச்சம் மேசையைக் கடந்து தரைக்கு இறங்கும்வரை இருவரும் அப்படியே இருந்தார்கள்.

"வேண்டாம் எமில்" என்றாள் அவள்.