மெனோபிலோஸுக்கு வந்த அப்பம்

தியத்தீரா நகரத்துக் கிறிஸ்தவர்களில் மெனோபிலோஸைப் போல வீம்பு பிடித்த மனுஷன் வேறு யாரும் இல்லை. மஞ்சிட்டிச் சாயம் காய்ச்சிக் காய்ச்சி முழங்கைவரை சிவந்துபோன ஆள். இயேசுவை ஆதியிலேயே இருந்த வார்த்தை, கடவுள் என்று சொல்லும் அந்த நாலாவது நற்செய்தி எவனோ கட்டிவிட்ட கதை என்று சபையில் எழுந்து நின்று சொன்னார். அவரோடு எழுந்து சபையைவிட்டு வெளியேறியவர்கள் ஒவ்வொருவராகச் சபைக்கே திரும்பிப் போய்விட்டார்கள். மிஞ்சியது அவரும் மனைவி அம்மியாவும்தான்.

இப்போது நெஞ்சில் சளி கட்டிப் படுத்த படுக்கையாகக் கிடந்தார். ஞாயிறுதோறும் நோயாளிகளின் வீடுகளுக்குச் சபையிலிருந்து, ஆண்டவரின் உடலென்று ஆசீர்வதித்த அப்பத்துண்டு வரும். பக்கத்து வீடுவரை வரும், இங்கே வராது.

"அப்பம் வந்துச்சா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். வேறெதுவும் கேட்கவில்லை. அதைத் தாங்க முடியாமல்தான் அம்மியா முக்காட்டைப் போட்டுக்கொண்டு சபைக்குப் போனாள்.

அப்பம் கொடுக்கும் தொண்டர் டிரோபிமோஸ் இவர்கள் வீட்டில் எத்தனையோ நாள் சாப்பிட்டவர். "வாங்கக்கா. இப்பத்தான் வழி தெரிஞ்சுதா?" என்றார். "வார்த்தையே கடவுள்னு எல்லார் முன்னாடியும் சொல்லிட்டு வாங்கிட்டுப் போங்க. நானா வேண்டாங்கிறேன்?"

சொன்னாள். பாழாய்ப்போன நாக்கு தடுமாறக்கூட இல்லை. பெண்கள் அவளைக் கட்டிக்கொண்டு முத்தமிட்டார்கள். அவள் அப்பத்தை வாங்கி முக்காட்டுக்குள் வைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

வீட்டுக்கு வந்து அப்பத்தை அவர் உதட்டருகே கொண்டுபோனாள். மனுஷன் முகம் மலர்ந்துவிட்டது.

"குடுத்துட்டாங்களா? நம்மள விட்டுடல, பாத்தியா." வாயைத் திறந்தவர் நிறுத்தினார். "சும்மா குடுக்க மாட்டானே அந்தப் பய. நீ என்ன சொன்ன?"

"ஒண்ணும் சொல்லலீங்க."

"என் முகத்தப் பாத்துச் சொல்லு."

அவள் பார்க்கவில்லை. அவருக்குப் புரிந்துவிட்டது. திட்டியிருந்தால்கூடத் தேவலை. வாயை இறுக மூடிக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிவிட்டார்.

"உங்களுக்காகத்தானே போனேன். ஒரு வாய் வாங்கிக்குங்க."

"அது உனக்குக் குடுத்தது. நீயே தின்னு."

அதற்குப் பிறகு அவர் இந்தப் பக்கம் திரும்பவே இல்லை. பொழுது சாயும்போது உயிர் போய்விட்டது.

அப்பத்தைக் கீழே போடக் கூடாது. அம்மியா பிணத்தின் பக்கத்தில் உட்கார்ந்து, தண்ணீர் விட்டு நனைத்து அதை விழுங்கினாள்.

செய்தி தெரிந்து சபைப் பெண்கள் வந்து, "சகோதரி, கதவத் திறங்க," என்று வாசலில் நின்று கூப்பிட்டார்கள். எழுந்து போய்த் திறந்தாள். இனி அவளுக்கு வேறு யார் இருக்கிறார்கள்.